புரூக்சைடு மறியலில் ஒரு மைக்: பார்பரா கோப்பிளும் ஹார்லன் கவுண்டி வேலைநிறுத்தமும்

அமெரிக்காவின் கென்டக்கி மாநிலத்தில், தென்கிழக்கு மூலையில், அப்பலேச்சிய மலைகளுக்கு நடுவே இருக்கிறது ஹார்லன் கவுண்டி. 1973 கோடையில் அங்குள்ள புரூக்சைடு நிலக்கரிச் சுரங்கத்தின் தொழிலாளர்கள் ஐக்கியச் சுரங்கத் தொழிலாளர் சங்கத்தில் சேர்வதென்று வாக்களித்தார்கள். சுரங்கம் ஈஸ்டோவர் கம்பெனியுடையது. ஈஸ்டோவரின் முதலாளி, வட கரோலினாவிலிருந்து இயங்கிய டியூக் பவர் என்ற பெரிய மின்சார நிறுவனம். சங்கத்தின் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட கம்பெனி மறுத்தது. சுமார் 180 தொழிலாளர்கள் வேலையை நிறுத்தினார்கள். ஏதாவது ஒரு முடிவு வர 13 மாதம் ஆனது.

அந்த மாதங்களில் பெரும்பகுதி, மறியல் வரிசையில் ஒரு சின்னப் படக்குழுவும் நின்றது. இயக்குநர் பார்பரா கோப்பிள். நியூயார்க்கில் பிறந்தவர், அப்போது வயது 27. தனித்து இயக்கிய முதல் முழுநீளப் படம் அவருக்கு இதுதான். ‘ஹார்லன் கவுண்டி, யூஎஸ்ஏ’ 1976ல் வெளிவந்தது. 1977ல் சிறந்த ஆவணப்படத்துக்கான ஆஸ்கர் வாங்கியது. 1990ல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்ந்தது.

தொழிலாளர் போராட்டத்தை எப்படிப் படமெடுப்பது என்று பேச்சு வந்தால் இந்தப் படத்தைக் கைகாட்டுவது வழக்கம். பக்கச்சார்பு எடுத்த படம் என்று சிலர் புகழ்வார்கள். அதையே சொல்லிச் சிலர் குறைபடுவார்கள். அந்த வாக்குவாதத்தில் எனக்கு அவ்வளவாக ருசி இல்லை. சார்பு இருக்கிறதா என்று கண்டுபிடிக்கப் படத்தின் முதல் பத்து நிமிடமே போதும். நான் பார்க்க நினைப்பது கொஞ்சம் தொழில்சார்ந்த ஒரு சங்கதி. இந்தப் படத்தில் கோப்பிள் கேமரா பிடிக்கவில்லை, ஒலிப்பதிவு செய்தார். ஒளிப்பதிவாளருக்கு லென்ஸ் இருக்கிறது. அவர் சாலைக்கு அந்தப் பக்கம் நின்றுகொண்டு ஜூம் பண்ணலாம். மைக்குக்கு அந்தச் சலுகை கிடையாது. ஒருவர் பேசுவது தெளிவாக வேண்டுமென்றால் அவர் பக்கத்தில் போய்த்தான் ஆகவேண்டும். ஒளிப்பதிவாளர்கள் மாறி மாறி வந்த இந்தப் படப்பிடிப்பில் மாறாமல் நின்றவர் மைக் பிடித்த இயக்குநர். படத்தின் பலமும் அதன் ஓட்டையும் இந்த ஒன்றிலிருந்தே வருகின்றன என்பது என் கணிப்பு.

வேறொரு படம் எடுக்கத்தான் வந்தார்

கோப்பிள் ஹார்லனைத் தேடி வரவில்லை. அவர் எடுக்க நினைத்தது சங்கத்துக்குள் நடந்த சண்டையை.

1968 நவம்பர் 20 அன்று மேற்கு வர்ஜீனியாவின் ஃபார்மிங்டன் சுரங்கத்தில் வெடிவிபத்து. 78 பேர் செத்தார்கள். அப்போது சங்கத் தலைவராக இருந்த டோனி பாயில், சம்பவ இடத்துக்கு வந்து, இந்தக் கம்பெனி பாதுகாப்பு விஷயத்தில் நன்றாக ஒத்துழைக்கும் கம்பெனி என்று பேசினார். உள்ளே நெருப்பு எரிந்துகொண்டிருந்தது. உறவினர்கள் வெளியே காத்திருந்தார்கள். ஒரு சங்கத்தின் தலைமை எந்த அளவுக்குக் கெட்டுப்போயிருந்தது என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை. அடுத்த ஆண்டு பாயிலை எதிர்த்து ஜாக் யப்லான்ஸ்கி என்ற மூத்த சங்கத் தலைவர் போட்டியிட்டார். டிசம்பரில் தேர்தலில் தோற்றார், முறைகேடு என்று புகார் கொடுத்தார். அந்த மாதத்தின் கடைசி நாள் இரவில், பென்சில்வேனியாவில் அவருடைய வீட்டிலேயே அவரையும் மனைவியையும் மகளையும் சுட்டுக்கொன்றார்கள். கொலைக்கு ஏற்பாடு செய்தவர் பாயில்தான் என்று 1974ல் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது.

யப்லான்ஸ்கியின் சாவுக்குப் பிறகு சாதாரணத் தொழிலாளர்கள் ‘ஜனநாயகத்துக்கான சுரங்கத் தொழிலாளர்கள்’ என்று அணி திரண்டார்கள். தூசி படிந்த நுரையீரலோடு வேலையை விட்டவரான ஆர்னால்ட் மில்லர் 1972 டிசம்பரில் பாயிலைத் தோற்கடித்துத் தலைவரானார். இந்த எழுச்சியைத்தான் கோப்பிள் பின்தொடர்ந்தார். கல்லூரிக் காலத்தில் மேற்கு வர்ஜீனியாவில் படித்தவர் என்பதால் நிலக்கரி மாவட்டங்கள் அவருக்கு அந்நியம் இல்லை. நேரடி ஆவணப்படம், அதாவது நடப்பதில் தலையிடாமல் அப்படியே பதிவு செய்யும் படம், எடுப்பதில் பெயர்பெற்ற மேசில்ஸ் சகோதரர்களிடம் உதவியாளராக இருந்து தொழில் கற்றவர். கையில் கொஞ்சம் கடன், கொஞ்சம் நன்கொடை. அறக்கட்டளைகளுக்கு விண்ணப்பம் எழுதுவதும், மறுப்புக் கடிதம் வாங்குவதும், திரும்ப எழுதுவதும் படப்பிடிப்போடு சேர்ந்தே நடந்தன.

புதிய தலைமை சொன்னதைச் செய்கிறதா என்பதற்கு முதல் பெரிய சோதனையாகப் புரூக்சைடு வந்து நின்றது. கோப்பிள் அங்கே போனார். அதன்பின் படம் திசை மாறியது. பாயில், யப்லான்ஸ்கி, ஃபார்மிங்டன் எல்லாம் படத்தில் இருக்கின்றன. ஆனால் ஹார்லனின் கதைக்குப் பின்புலமாக. ஓர் ஆவணப்பட இயக்குநர் தன் திட்டத்தை எப்போது கைவிட வேண்டும் என்று கேட்பவர்களுக்கு நான் சொல்லும் உதாரணம் இது.

ஊர்

ஹார்லனுக்கு ஏற்கனவே ஒரு பெயர் இருந்தது: இரத்த ஹார்லன். 1931 மே 5 அன்று எவர்ட்ஸ் என்ற சிற்றூருக்கு அருகே தொழிலாளர்களுக்கும் கம்பெனி ஆட்களோடு வந்த துணை ஷெரீஃப்களுக்கும் துப்பாக்கிச் சண்டை நடந்து இருபுறமும் ஆட்கள் செத்தார்கள். அதே ஆண்டு, சங்க அமைப்பாளரான கணவனைத் தேடி ஷெரீஃபின் ஆட்கள் வீட்டைப் புரட்டிப்போட்டுப் போன பிறகு, ஃபுளோரன்ஸ் ரீஸ் என்ற பெண் சுவர்க் காலண்டரிலிருந்து ஒரு தாளைக் கிழித்து அதில் ‘நீ எந்தப் பக்கம்?’ என்று கேட்கும் பாட்டை எழுதினார். அது அமெரிக்கத் தொழிற்சங்கப் பாட்டுகளில் மிகவும் அறியப்பட்ட ஒன்றாக ஆனது. நாற்பது ஆண்டு கழித்து, புரூக்சைடு வேலைநிறுத்தக்காரர்களின் கூட்டத்தில் அதே ரீஸ் மேடையேறி, தேய்ந்த குரலில் அதைப் பாடுவதைக் கோப்பிள் பதிவு செய்திருக்கிறார். பாட்டாகக் கேட்டால் சுமார்தான். ஆனால் அந்த அரங்கில் உட்கார்ந்திருந்த பலருக்கு 1931 என்பது அப்பாவும் தாத்தாவும் நேரில் பார்த்த சங்கதி.

வீடுகளும் கம்பெனியுடையவை. பல வீடுகளில் குழாய்த் தண்ணீர் கிடையாது. ஒரு தாய் தகரத் தொட்டியில் தன் பெண்குழந்தையைக் குளிப்பாட்டும் காட்சி படத்தில் வருகிறது. அதற்கு விளக்கம் எதுவும் இல்லை. படம் முழுக்கவே பின்னணி வருணனைக் குரல் கிடையாது. தேவையான இடத்தில் திரையில் இரண்டு வரி எழுத்து, மற்றதெல்லாம் ஆட்களின் பேச்சும் ஹேசல் டிக்கன்ஸ் போன்ற மலைநாட்டுப் பாடகர்களின் பாட்டும்.

தொழிலாளர்கள் கேட்டது கூலியோடு முடிவதில்லை. சங்கத்தின் தேசிய ஒப்பந்தம் கையெழுத்தானால் மருத்துவ வசதி வரும், ஓய்வூதியம் வரும், ஆபத்தான இடத்தில் வேலையை நிறுத்தச் சொல்லும் அதிகாரத்தோடு தொழிலாளர்களின் பாதுகாப்புக் குழு வரும். கம்பெனியோ, ஒப்பந்தம் நடப்பில் இருக்கும்வரை வேலைநிறுத்தமே கூடாது என்ற ஷரத்தைப் பிடித்துக்கொண்டு நின்றது. கூரை இடிந்து விழும் தொழிலில் ‘வேலைநிறுத்தம் கூடாது’ என்பதற்கு என்ன பொருள் என்று சுரங்கத்துக்குள் இறங்கியவர்களுக்குத் தெரியும். படத்தின் ஆரம்பத்திலேயே ஆட்கள் நிலக்கரி போகும் பெல்ட்டின் மேல் படுத்தபடி உள்ளே போவதையும் வருவதையும் பார்க்கிறோம். எழுந்து உட்காரக்கூட உயரம் போதாது.

பொய்ப் பெயர்கள், கவிழ்ந்த கார்

நியூயார்க்கிலிருந்து மைக்கும் கேமராவும் தூக்கிக்கொண்டு வருபவர்களை ஹார்லன்காரர்கள் எதற்கு நம்ப வேண்டும்? கம்பெனியின் உளவாளியாக இருக்கலாம். மலைநாட்டு ஏழ்மையைப் படம்பிடித்துக்கொண்டு போய் ஊருக்குக் காட்டிச் சிரிக்கும் கூட்டமாகவும் இருக்கலாம். அப்படிப்பட்டவர்களை அப்பலேச்சியா நிறையவே பார்த்திருந்தது.

கோப்பிள் பல பேட்டிகளில் சொன்ன கதை ஒன்று உண்டு. முதன்முதலாகப் பெண்களிடம் பெயர் கேட்டபோது, மார்த்தா வாஷிங்டன், ஃபுளோரன்ஸ் நைட்டிங்கேல் என்று வாயில் வந்த பெயர்களைச் சொல்லி அனுப்பினார்களாம். மறுநாள் விடியற்காலை மறியலுக்கு வந்து பாருங்கள் என்றார்களாம். மழையில் மலைப்பாதையில் குழுவின் கார் கவிழ்ந்தது. அடிபடாமல் வெளியே வந்தவர்கள் கருவிகளைத் தூக்கிக்கொண்டு நடந்தே மறியலுக்குப் போய்ச் சேர்ந்தார்கள். அந்தச் செய்தி இவர்களுக்கு முன்னாலேயே ஊருக்குள் பரவிவிட்டது. அப்புறம் வீடுகளிலேயே தங்க இடம் கொடுத்தார்கள்.

சொல்லிச் சொல்லி மெருகேறிய கதையாக இருக்கலாம். ஆனால் அதன் பலனைப் படத்தில் கண்ணால் பார்க்க முடிகிறது. மறியல் விடியற்காலை ஐந்து மணிக்குத் தொடங்கும். கருங்காலிகளின், அதாவது வேலைநிறுத்தத்தை மீறி வேலைக்குப் போகிறவர்களின், கார்கள் அந்த நேரத்தில்தான் வரும். பத்திரிகைக்காரர்கள் ஒன்பது மணிக்கு வந்து பேட்டி எடுத்துக்கொண்டு போவார்கள். இந்தக் குழு ஐந்து மணிக்கு அங்கே இருந்தது.

நீதிமன்ற உத்தரவும் பெண்களும்

மறியலில் ஒவ்வொரு வாயிலிலும் விரல்விட்டு எண்ணும் அளவுக்கே ஆட்கள் நிற்கலாம் என்று உள்ளூர் நீதிபதி பேர்ட் ஹாக் உத்தரவு போட்டார். அவருக்கே நிலக்கரித் தொழிலில் ஈடுபாடு உண்டு என்பது ஊரறிந்த விஷயம். ஆண்கள் கட்டுப்பட்டார்கள், அவர்களுடைய மனைவிகளையும் அம்மாக்களையும் அக்காள் தங்கைகளையும் அந்த உத்தரவு கட்டுப்படுத்தாது என்று பெண்கள் எடுத்துக்கொண்டார்கள். சாலையில் குறுக்கே படுத்தார்கள். கையில் குச்சியோடு கருங்காலிகளை விரட்டினார்கள். கைது செய்தபோது பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு சிறைக்குப் போனார்கள். ஈஸ்டோவரின் தலைவர் நார்மன் யார்பரோவிடம் இந்தப் பெண்களைப் பற்றிக் கேட்கும்போது, தன் மனைவி இப்படியொரு காரியத்தில் இறங்குவதை நினைத்துப் பார்க்கவே பிடிக்கவில்லை என்கிற மாதிரி ஒரு பதில் சொல்கிறார். நிதானமான முகம், கனிவான குரல். கோப்பிளுக்குக் கம்பெனியின் தரப்பிலிருந்து கிடைத்த மிக நல்ல காட்சி இது, யார்பரோ அதை உணர்ந்து கொடுத்ததாகத் தெரியவில்லை.

பெண்களின் கூட்டங்களைப் பதிவு செய்த விதம்தான் எனக்குப் படத்திலேயே பெரிதாகத் தோன்றுகிறது. அங்கே வீரவசனம் குறைவு. யார் மறியலுக்கு வரவில்லை, யார் குடிக்கிறாள், யார் யாருடைய புருஷனை வளைத்துப்போடுகிறாள் என்று குடுமிப்பிடிச் சண்டை. நடுவில் ஒருத்தி எழுந்து, எவள் எவனை வேண்டுமானாலும் கொண்டுபோகட்டும், எனக்கு வேண்டியது ஆம்பிளை இல்லை, ஒப்பந்தம் என்கிற அர்த்தத்தில் வெடிக்கிறாள். இதைப் படத்திலிருந்து வெட்டியிருந்தால் போராட்டத்தின் ‘மானம்’ காப்பாற்றப்பட்டிருக்கும். நம்மூர் இயக்கப் படங்களில் இந்த மாதிரி இடம் பெரும்பாலும் எடிட்டிங் மேஜையைத் தாண்டி வராது. கோப்பிளும் எடிட்டர் நான்சி பேக்கரும் அதை விட்டுவைத்தார்கள். சண்டை போட்ட அதே பெண்கள் மறுநாள் விடியற்காலை ஒன்றாக நிற்பதைப் பார்க்கும்போது, ஒற்றுமை என்பது எத்தனை சிடுக்கான வேலை என்று புரிகிறது.

இவர்களில் முன்னணியில் நின்றவர் லோயிஸ் ஸ்காட். ஒரு கட்டத்தில் ரவிக்கைக்குள்ளிருந்து கைத்துப்பாக்கியை எடுத்துக் காட்டுவார். அரங்கில் எல்லோரும் சிரிக்கும் இடம். ஆனால் அந்தத் துப்பாக்கி அங்கே ஏன் வந்தது என்பதைப் படம் அதற்கு முன்பே காட்டிவிட்டது.

இருட்டில் ஒரு தாக்குதல்

கருங்காலிகளின் கார் வரிசைக்குத் தலைமை தாங்கி வந்தவர் பேசில் காலின்ஸ், கம்பெனியின் ஃபோர்மேன். தன் வண்டியிலிருந்து கைத்துப்பாக்கியை நீட்டுவது கேமராவில் பதிவாகியிருக்கிறது.

ஒரு விடியற்காலை, வெளிச்சம் வருவதற்கு முன், கூட்டத்தை நோக்கிச் சுட்டார்கள். படக்குழுவையும் அடித்தார்கள். ஒளிப்பதிவாளர் ஹார்ட் பெரி கையிலிருந்த கேமரா தடுமாறுகிறது. திரையில் கறுப்பு, ஒரு ஹெட்லைட், யாருடைய காலோ. படமாக அதில் எதுவும் இல்லை என்றே சொல்லலாம். ஆனால் ஒலி நிற்கவில்லை. வேட்டுச் சத்தம், ஓடும் காலடிகள், கோப்பிளின் கத்தல். என்ன நடக்கிறது என்று நமக்குத் தெரிவது காதால்தான். நீண்ட மைக்கும் தோளில் ஒலிப்பதிவுக் கருவியுமாகக் கோப்பிளும் அந்த அடிதடியின் நடுவில் இருக்கிறார். தூரத்தில் பத்திரமாக நின்றிருந்தால் இந்தக் காட்சி படத்தில் இருந்திருக்காது.

அதற்குப் பிறகு தொழிலாளர்களும் துப்பாக்கியோடு வந்தார்கள். இதையும் படம் மறைக்கவில்லை.

இங்கேதான் கோப்பிள் பின்னாளில் திரும்பத் திரும்பச் சொன்ன ஒரு விஷயம் முக்கியமாகிறது. பணம் தீர்ந்து, ஃபிலிம் சுருள் வாங்க வழியில்லாத நாட்களிலும் குழு கேமராவோடு மறியலுக்குப் போயிருக்கிறது. உள்ளே ஃபிலிம் இல்லை. அது எதிரில் இருப்பவர்களுக்குத் தெரியாது. கேமரா இருக்கிற வரை ஒரு அளவுக்கு மேல் போகமாட்டார்கள் என்ற நம்பிக்கை தொழிலாளர்களுக்கும் இருந்தது, குழுவுக்கும் இருந்தது. ஆக, படமெடுப்பதற்காக வந்த கருவி, படமே எடுக்காத நாட்களிலும் மறியலில் ஒரு வேலை பார்த்தது. இதை வைத்துக்கொண்டு ‘படத்தால்தான் போராட்டம் ஜெயித்தது’ என்று முடிவுக்குத் தாவக் கூடாது. காலின்ஸின் ஆட்கள் கேமராவையே தாக்கியதையும் நாம் பார்த்துவிட்டோம். எத்தனை வேட்டுகள் கேமராவால் தவிர்க்கப்பட்டன என்று எண்ணிச் சொல்ல யாராலும் முடியாது.

அப்புறம் அந்த அடையாள அட்டைக் காட்சி. காலின்ஸ் வண்டியை நிறுத்தி, நீங்கள் யாருக்காக வேலை செய்கிறீர்கள், அட்டையைக் காட்டுங்கள் என்று கோப்பிளிடம் கேட்கிறார். கோப்பிள் பதற்றமே இல்லாமல், உங்கள் அட்டையை முதலில் காட்டுங்கள் என்கிறார். தன்னுடையதை எங்கோ வைத்துவிட்டதாக அவர் சொல்ல, என்னுடையதையும் எங்கோ வைத்துவிட்டேன் போலிருக்கிறது என்று இவர். சிரித்த முகத்தோடு நடக்கும் மிரட்டல், சிரித்த முகத்தோடு மறுப்பு. இயக்குநர் தன் படத்துக்குள் ஒரு பாத்திரமாக நுழைவது அந்தக் காலத்து நேரடி ஆவணப்பட இலக்கணத்துக்குப் பொருந்தாது. ஈயைப்போல் சுவரில் ஒட்டிக்கொண்டு பார்க்க வேண்டும் என்பதே அந்தப் பள்ளியின் பாடம். ஆனால் காலின்ஸ் அவரிடம்தானே பேசினார்? பதில் சொல்லாமல் எப்படி இருப்பது?

நியூயார்க்கில் ஒரு போலீஸ்காரர்

டியூக் பவரின் பங்குகள் விற்கும் இடம் நியூயார்க் என்பதால், சங்கம் தொழிலாளர்களைப் பங்குச் சந்தைக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தியது. அங்கே ஒரு சுரங்கத் தொழிலாளியும் காவலுக்கு நின்ற ஒரு நியூயார்க் போலீஸ்காரரும் பேச்சுக் கொடுக்கிறார்கள். உனக்கு எவ்வளவு சம்பளம், பல் வைத்தியத்துக்குக் காசு கொடுப்பார்களா, எத்தனை வருஷத்தில் ஓய்வு பெறலாம் என்று ஒருவரையொருவர் விசாரிக்கிறார்கள். போலீஸ்காரருக்குக் கிடைக்கும் வசதிகளைக் கேட்டுத் தொழிலாளி மலைக்கிறார்; தொழிலாளியின் நிலைமையைக் கேட்டுப் போலீஸ்காரர் சங்கடப்படுகிறார். நிலத்தடியில் உயிரைப் பணயம் வைக்கிறவனுக்கு இவ்வளவுதானா?

இரண்டு பேர் தெருவோரம் தணிந்த குரலில் பேசிக்கொள்வது. பக்கத்திலேயே மைக் இல்லையென்றால் இது வெறும் இரண்டு முகங்கள். வர்க்கம் பற்றி எழுதப்பட்ட பல கட்டுரைகளைவிட இந்த உரையாடல் எனக்கு அதிகம் சொல்கிறது.

மைக் போகாத இடம்

சரி, ஓட்டைக்கு வருவோம். வேலைநிறுத்தத்தை மீறி உள்ளே போனவர்கள் யார்? படத்தில் அவர்கள் கார்க் கண்ணாடிக்குப் பின்னால் தெரியும் முகங்கள். சிலர் தலையைக் குனிந்துகொள்கிறார்கள், சிலர் முறைக்கிறார்கள். அவர்களுக்குக் குரல் கிடையாது. அவர்களும் அதே மலைகளில் வாழ்ந்தவர்கள்தான். எதற்காகப் போனார்கள், கடனா, பயமா, சங்கத்தின் மீது பழைய கசப்பா? பாயில் காலத்துச் சங்கத்தைப் பார்த்தவர்களுக்குக் கசப்பு இருக்க நியாயம் உண்டு என்று இதே படம்தான் நமக்குச் சொல்கிறது. ஆனாலும் அந்தக் கேள்வியை அது கேட்கவில்லை.

அதைக் கோப்பிளின் மனச்சாய்வு என்று மட்டும் சொல்லிவிட முடியாது. வேலைநிறுத்தக்காரர் வீட்டில் சாப்பிட்டு, அங்கேயே தூங்கி, விடிகாலையில் அவர்களோடு கிளம்பிப் போகிறவர், அந்தக் காருக்குள் மைக்கை நீட்ட முடியாது. நீட்டியிருந்தால் மாலையில் அந்த வீட்டுக் கதவு திறந்திருக்காது. எந்த நெருக்கம் பெண்களின் கூட்டத்துக்குள் அவரை உட்காரவைத்ததோ அதுவே இந்தக் கதவை அடைத்தது.

ஒரு சாவு, ஒரு கையெழுத்து

1974 ஆகஸ்ட் 24 அன்று லாரன்ஸ் ஜோன்ஸ் என்ற இளம் தொழிலாளியைக் கம்பெனித் தரப்பு மேற்பார்வையாளர் ஒருவர் சுட்டார் என்பது குற்றச்சாட்டு. ஜோன்ஸுக்கு வயது இருபதுகளின் தொடக்கம். மனைவிக்கு 16, கையில் குழந்தை. சுடப்பட்ட ஜோன்ஸ் பிழைக்கவில்லை. சவ அடக்கத்தில் அவருடைய தாய் நிலைகுலைந்து விழுவதைப் படத்தில் பார்க்கிறோம். இங்கே கேமரா அவ்வளவு நேரம் அங்கே நின்றிருக்க வேண்டுமா என்று எனக்கு ஒவ்வொரு தடவையும் தோன்றும். அந்த ஊர் அவர்களை நிற்கவிட்டது என்பதுதான் அதற்குக் கிடைக்கும் ஒரே சமாதானம்.

அந்த மாத முடிவுக்குள் கம்பெனி கையெழுத்துப் போட்டது. நிர்ப்பந்தம் பல பக்கமிருந்தும் வந்தது: மில்லரின் சங்கம் செலவழித்த பணம், நியூயார்க்கில் நடத்திய பிரச்சாரம், இந்தச் சாவு எழுப்பிய அதிர்ச்சி. படம் வெளிவர இன்னும் இரண்டு ஆண்டு இருந்தது என்பதையும் நினைவில் வைக்க வேண்டும்.

வேறொரு இயக்குநர் அந்தக் கையெழுத்தோடு படத்தை முடித்திருப்பார். கோப்பிள் நிறுத்தவில்லை. அதே ஆண்டின் இறுதியில் சங்கம் நாடு தழுவிய புதிய ஒப்பந்தம் போட்டது. தொழிலாளர்கள் பலர் கேட்ட உள்ளூர் வேலைநிறுத்த உரிமை அதில் வரவில்லை. தாங்கள் கொண்டுவந்த தலைவர் மீதே அவர்கள் முணுமுணுப்பதைக் கேட்கிறோம். கூலி ஏறியது, குறையும் இருந்தது. மறுபடி சுரங்கத்துக்குள் இறங்குகிறார்கள். சங்கத்துக்கு நட்பாக இருந்த ஒரு படம் சங்கத் தலைமைக்கு இந்தச் சங்கடத்தைக் கொடுத்தது.

பிற்காலத்து நிலவரத்தை ஒரே வரியில் சொல்லலாம்: 2014ன் கடைசியில் கென்டக்கியில் சங்கம் இருந்த கடைசி நிலக்கரிச் சுரங்கமும் மூடப்பட்டது. 2019 ஜூலையில் பிளாக்ஜுவல் என்ற கம்பெனி திவாலாகி, சம்பளக் காசோலைகள் திரும்பி வந்தபோது, ஹார்லன் கவுண்டித் தொழிலாளர்கள் தண்டவாளத்தில் உட்கார்ந்து நிலக்கரி ரயிலை மறித்தார்கள். அவர்களுக்குப் பின்னால் சங்கம் இல்லை.

ஆஸ்டினில் அதே மைக்

புரூக்சைடின் முறையை வேறொரு இடத்தில் வைத்துச் சோதிக்க முடியுமா? கோப்பிளே சோதித்தார். மினசோட்டா மாநிலத்தில் ஆஸ்டின் என்ற ஊர். ஹார்மல் இறைச்சிக் கம்பெனி. லாபத்தில் ஓடிய கம்பெனி மணிக்கு 10.69 டாலராக இருந்த கூலியை 8.25 டாலருக்கு இறக்கியது. 1985 ஆகஸ்டில் பி-9 என்ற உள்ளூர்ச் சங்கத்தின் சுமார் 1,500 பேர் வெளியே வந்தார்கள். அவர்கள் ரே ராஜர்ஸ் என்ற பிரச்சார நிபுணரைக் கூட்டி வந்து கம்பெனியை ஊர் ஊராக அம்பலப்படுத்தினார்கள். ஆனால் அவர்களுடைய தாய்ச் சங்கமே, இது ஜெயிக்க முடியாத சண்டை என்று எதிராக நின்றது. 1986 ஜனவரியில் கம்பெனி புதிய ஆட்களை வைத்து ஆலையைத் திறந்தது. மாநில ஆளுநர் தேசியக் காவல் படையை அனுப்பினார். கடைசியில் தாய்ச் சங்கம் உள்ளூர்ச் சங்கத்தைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டது. வெளியே போன பெரும்பாலானவர்களுக்கு வேலை திரும்பக் கிடைக்கவில்லை.

இங்கே ‘நீ எந்தப் பக்கம்?’ என்று கேட்டால் குறைந்தது மூன்று பக்கம் இருக்கிறது. 1990ல் வந்த ‘அமெரிக்கன் ட்ரீம்’ படத்தில் கோப்பிளின் மைக் உள்ளூர்ச் சங்கத்தின் மேடையில் இருக்கிறது. அதை எதிர்த்த தாய்ச் சங்கப் பேரப் பேச்சாளர் லூயி ஆண்டர்சனின் அறையிலும் இருக்கிறது. ஹார்லனில் எட்டாத இடத்துக்கும் இங்கே போகிறது: மறியலை மீறி உள்ளே போவதா வேண்டாமா என்று சக தொழிலாளர்கள் சிலர் கூடிப் பேசி, கலங்கி, போவதென்று முடிவெடுப்பதைக் கேட்கிறோம். ஒரே வீட்டு அண்ணன் தம்பியில் ஒருவன் உள்ளே, ஒருவன் வெளியே. கருங்காலிக்கு இந்தப் படத்தில் பேர் இருக்கிறது, கட்ட வேண்டிய வீட்டுக் கடன் இருக்கிறது, தொண்டை அடைக்கிறது.

என்னைக் கேட்டால் படைப்பாக இது ஹார்லனைவிட ஒரு படி மேல். விரும்பித் திரும்பப் பார்ப்பது மட்டும் ஹார்லனை. இதற்கும் ஆஸ்கர் கிடைத்தது, 1991ல். ஆனால் ஆஸ்டினில் கடைசிவரை வெளியே நின்றவர்களில் பலருக்கும் அவர்களுடைய ஆதரவாளர்களுக்கும் படத்தின் மேல் கோபம் வந்தது. எங்கள் போராட்டத்தை அசட்டுத்தனமாகக் காட்டிவிட்டது, ஆண்டர்சன் சொன்னதுதான் சரி என்று பார்ப்பவர்களுக்குத் தோன்றும்படி செய்துவிட்டது என்றார்கள். அவர்கள் சொல்வதில் விஷயம் இருக்கிறது: ராஜர்ஸ் மேடையில் முழங்குவதை அதிகம் பார்க்கிறோம், ஆண்டர்சன் தனியே அமர்ந்து யோசித்துப் பேசுவதை அதிகம் கேட்கிறோம். எல்லோர் பக்கத்திலும் மைக்கைக் கொண்டுபோனாலும், யாரை எந்த அறையில், எந்தக் குரலில் பதிவு செய்தோம் என்பதிலேயே ஒரு தீர்ப்பு வந்துவிடுகிறது. புரூக்சைடில் அப்படி ஒரு புகார் வேலைநிறுத்தக்காரர்களிடமிருந்து வரவில்லை. அங்கே அந்தப் புகாரைச் சொல்ல வேண்டியவர்கள் காருக்குள் இருந்தார்கள்.